தபால்தலைக்குப் பின்னால் ஒரு தூண்

இதில் வரும் ஒவ்வொரு சொல்லும் சத்தியம். ஒரு சொல் பொய்யென்றாலும் சொன்ன நாக்கு அழுகிப் போகட்டும்.

டாக்டர் ஸ்டெதாஸ்கோப்பைச் சுருட்டிப் பைக்குள் வைத்து, "அம்மா போயிட்டாங்க" என்று சொல்லி முடிப்பதற்குள், போனவளின் கணவர் எழுந்து கொல்லைப்புறம் போய் அடுப்பில் பெரிய அண்டாவை ஏற்றிவிட்டார். மூன்று வாளித் தண்ணீர். அந்த வீட்டில் அவர் ஒரு டம்ளர் தண்ணீர் சுடவைத்துக்கூட யாரும் பார்த்ததில்லை.

கட்டிலின் கால்மாட்டில் உட்கார்ந்திருந்த அத்தை மூக்கைச் சிந்திக்கொண்டு மகளைப் பார்த்துச் சொன்னாள்.

"பாத்தியா என் தம்பி மனச. பொண்டாட்டியக் குளிப்பாட்ட அவனே தண்ணி வெக்கிறான்."

மகள் டெலிபோன் எக்ஸ்சேஞ்சில் இருபத்திரண்டு வருடமாக வேலை பார்க்கிறவள். காதில் கருவியை மாட்டிக்கொண்டு நாள் முழுக்க ஊரார் ஒருவருக்கொருவர் சொல்லும் பொய்களை இணைத்துவிடுவதுதான் உத்தியோகம். மூச்சு விடுகிற விதத்திலேயே ஆள் எதற்குத் தயாராகிறான் என்று சொல்லிவிடுவாள். அம்மாவின் கையைப் போர்வைக்குள் எடுத்து வைத்துவிட்டு, அப்பாவுக்குப் பின்னால் போனாள்.

அவர் கொதிக்கிற தண்ணீரை ஒரு வாளியில் மொண்டு, கொல்லைக் கோடியில் இருந்த பழைய குளியலறைப் பக்கம் நடந்துகொண்டிருந்தார்.

"அந்தத் தண்ணி எதுக்குப்பா?"

"எதுக்கா? உங்கம்மாவுக்குத்தான்."

"அம்மா இந்தப் பக்கம் இருக்காங்க."

அவர் வாளியைக் கீழே வைத்தார். இடுப்பைப் பிடித்துக்கொண்டார். எழுபத்தோரு வயதில் இடுப்பு நல்ல உதவி. பதில் தோன்றாதபோதெல்லாம் வலிக்கும்.

"டைரக்டர் பதினோரு மணிக்கு வர்றாரு. கை கழுவணும்னு இந்தப் பக்கம் வந்து கதவத் தொறந்துட்டார்னா? உள்ள இருக்கறத நேத்தே கரைச்சிருக்கணும். உங்கம்மாதான் கண்ணத் தொறந்து தொறந்து பாத்துக்கிட்டே கெடந்தா."

தொல்பொருள் இலாகா டைரக்டர் நோயாளியைப் பார்க்க வருவதாக முந்தின நாளே சொல்லி அனுப்பியிருந்தார். நோயாளி அவருக்காகக் காத்திருக்கவில்லை.

மகள் குளியலறைக் கதவைப் பூட்டிச் சாவியை இடுப்பில் செருகிக்கொண்டாள்.

"அம்மாவைக் கொண்டுபோறவரைக்கும் இது தொறக்காது."

"நான் உன் அப்பன்."

"தெரியும். இந்தக் கதவுக்கு அடியிலதான உங்களுக்குச் சோறு தள்ளினேன்."

உலகஞ்சுற்றி என்றால் அந்த ஊரில் அவர்தான். படங்கள் வாய் திறக்காத காலத்தில், உலகத்தின் பேர்போன பழைய சின்னங்களையெல்லாம் நேரில் போய்ப் பிடித்துவந்து ஆறு படங்களாகக் காட்டியவர். வெற்றி வளைவு, ஆயிரம் படிக்கட்டு, மூக்கில்லாத ராணியின் சிலை, இன்னும் சில. கடைசியாகப் பிடித்தது தூண் மண்டபம், பள்ளிக்கூடப் புத்தகங்களின் அட்டையில் அந்தப் படத்திலிருந்து எடுத்துப் போட்டார்களே, அது. ஊர்வாசிகள் கொட்டகையில் உட்கார்ந்து அதைப் பார்த்து நெஞ்சு விம்மியிருக்கிறார்கள். கழுத்தில் பதக்கம் போட்டிருக்கிறார்கள். ஒரு தெருவுக்கு அவர் பெயரை வைத்தார்கள். முட்டுச்சந்துதான், ஆனாலும் தெரு.

நடந்தது என்னவென்றால், அவர் கப்பலில் ஏறியது வாழ்நாளில் ஒரே ஒரு தடவை. கரையில் கட்டிய கயிற்றை அவிழ்ப்பதற்கு முன்பே வாந்தி எடுத்துவிட்டு, ஏறிய பலகை வழியாகவே இறங்கிவிட்டார். படக் கம்பெனி கொடுத்த கேமராவையும் பத்துச் சுருள் பிலிமையும் தூக்கிக்கொண்டு பின்வாசல் வழியாக வீட்டுக்கு வந்து, "இப்ப என்ன பண்றது?" என்று பெண்டாட்டியிடம் கேட்டார்.

அவள் சோப்புத் தொழிற்சாலையில் கட்டி அறுக்கிறவள். ஆள் உயரப் பாளத்தைக் கம்பியால் அறுத்து அறுத்து, கண்ணை மூடிக்கொண்டு அறுத்தாலும் மயிரிழை பிசகாத கை. மறுநாள் விரிசல் விட்டு ஒதுக்கிய பாளம் ஒன்றைத் தலையில் வைத்துக் கொண்டுவந்தாள். கம்பெனி அனுப்பியிருந்த படத் தபாலட்டையைச் சுவரில் குத்திவைத்து, அறுக்கும் கம்பியாலும் காய்கறிக் கத்தியாலும் கொண்டை ஊசியாலும் செதுக்க ஆரம்பித்தாள்.

அந்தக் காலத்துப் பிலிமுக்குப் பாதிக் கண் குருடு. சிவப்பைக் கறுப்பாகக் காட்டும். நீலத்தை வெள்ளையாகக் காட்டும். இதைக் கண்டுபிடித்ததும் அவள்தான். வெயில் படுகிற பக்கத்துக்குத் துணி வெளுக்கிற நீலத்தைக் கரைத்துப் பூசினாள். நிழல் விழுகிற பக்கத்துக்குச் செங்கல்பொடி. கைப்பிடியைச் சுற்றும் வேலை மட்டும் கணவருக்கு. உலகஞ்சுற்றி தன் ஆயுளில் சுற்றியது அது ஒன்றுதான்.

ஜனக்கூட்டம் வேண்டுமே. சர்க்கரைத் தண்ணீரால் வாசல்படிவரை ஒரு கோடு இழுத்தாள். எறும்புகள் வந்தன. மேலே கொஞ்சம் கோதுமை மாவு தூவினாள். வெள்ளை அங்கி ஆயிற்று. அதைப் பார்த்துவிட்டு ஒரு பத்திரிகையில் தலையங்கமே எழுதினார்கள்: 'வரிசை குலையாமல், ஒருவரையொருவர் இடிக்காமல் புனிதத் தலத்தை நோக்கி நடக்கும் அந்த எளிய மக்களின் கட்டுப்பாடு நம்மவர்களுக்கு என்றைக்கு வரும்?' தலையங்கம் எழுதியவர் பின்னால் மந்திரி ஆனார்.

ஒவ்வொரு படத்துக்கும் எட்டு மாதம் உலகஞ்சுற்றி வெளிநாட்டில் இருந்தார், அதாவது குளியலறையில். முதல் படத்தின்போது மகளுக்கு ஏழு வயது. பள்ளிக்கூடத்தில் அப்பா பாலைவனத்தில் இருக்கிறார் என்று சொல்லவேண்டும். வீட்டுக்கு வந்ததும் பாலைவனத்துக்குத் தட்டில் சோறு கொண்டுபோகவேண்டும். உப்புக் குறைவு என்று பாலைவனம் திட்டும். கிளம்ப வேண்டிய வாரத்தில், அதாவது திரும்பி வரவேண்டிய வாரத்தில், முகம் கறுக்க அடுப்பு முன்னால் உட்காருவார். பிறகு தாடியோடு முன்வாசலில் இறங்குவார். தெருவே மாலை போடும். கூட்டத்தில் நின்று மகளும் கை தட்டவேண்டும். அந்தக் கைதட்டல் இன்னும் அவள் உள்ளங்கையில் எரிந்துகொண்டிருந்தது.

வேலை முடிந்த சின்னங்கள் வீட்டுத் துணிக்குப் போயின. வெற்றி வளைவில் மகளின் பள்ளிச் சீருடை இரண்டு வருடம் வெளுத்தது. தூண் மண்டபத்தை மட்டும் அவள் அம்மா கரைக்க விடவில்லை. அதில் ஒரு பிழை இருந்தது. படத் தபாலட்டையில் எவனோ ஒரு புண்ணியவான் தபால்தலையைப் படத்தின் மேலேயே ஒட்டியிருந்தான். அது மேற்குக் கோடியில் ஒரு தூணை மறைத்துவிட்டது. உண்மையான மண்டபத்துக்குப் பதின்மூன்று தூண்கள். சோப்பு மண்டபத்துக்குப் பன்னிரண்டு. படம் ஊரெல்லாம் ஓடி முடிந்த பிறகுதான், ஈரத்தில் தபால்தலை ஓரம் கிளம்பி, பின்னால் நின்ற தூண் தெரிந்தது.

இவ்வளவும் வீட்டுக்குள்ளேயே கிடந்திருக்கும். நான்கு வருடத்துக்கு முன்னால் நிலநடுக்கம் வந்து உண்மையான மண்டபம் விழுந்து தொலைத்தது. அதை நம் வம்சம் கட்டியது என்று கடல் கடந்து எடுத்துக் கட்டப் போய், ஆதாரம் தேடிய நம் தொல்பொருள் இலாகாவுக்கு உலகஞ்சுற்றியின் படம் கிடைத்தது.

செய்தியைக் கேட்ட நாளில் அம்மா மூன்று தடவை "ஐயய்யோ" என்றாள். பிறகு அதைப் பற்றிப் பேசவே இல்லை, போன செவ்வாய்க்கிழமைவரை. அன்று மகள் கஞ்சி கொடுத்துக்கொண்டிருந்தபோது கரண்டியைக் கையால் தள்ளிவிட்டுக் கேட்டாள்.

"அது இருக்கா?"

"இருக்கும்மா."

"யாராவது ஒருத்தர் பாத்துட்டு, இது இவ செஞ்சதுன்னு சொல்லிட்டா போதும். ஊரு வேணாம். ஒருத்தர்."

"நான் சொல்றேனே."

"நீ வீட்டு ஆளு. நீ சொன்னா எடுபடாது. உங்கப்பா ஆள் கணக்குலயே சேத்தி இல்ல." கொஞ்சம் மூச்சு வாங்கினாள். "நான் மண்ணுக்குப் போறதுக்குள்ள."

இப்போது மணி ஒன்பதரை. நான்கு மணிக்கு எடுக்கவேண்டும்.

டைரக்டர் சொன்ன நேரத்துக்கு வந்தார், சாவுச் செய்தி அதற்குள் அவருக்கு எட்டியிருந்தது. கனத்த மனிதர், குடையையும் துக்கத்தையும் வாசலிலேயே மடக்கி வைத்துவிட்டு உள்ளே வருகிற ரகம். கொண்டுவந்த மலர் வளையத்தில், 'உலகஞ்சுற்றியின் துணைவியார் அவர்களுக்கு' என்று எழுதியிருந்தது. கட்டிலருகே முக்கால் நிமிடம் தலை குனிந்தார். பிறகு நாற்காலியை உலகஞ்சுற்றி பக்கம் இழுத்துப் போட்டு அரைமணி நேரம் தூண் பேசினார்.

"தோண்டிப் பாத்தா பதிமூணு பீடம் இருக்கு சார். நம்ம ஆளுங்க குழம்பிட்டாங்க. நான் சொன்னேன், படத்துல எத்தன இருக்கு? பன்னெண்டு. அப்ப பன்னெண்டுதான். பதிமூணாவது எவனோ பின்னாடி வெச்சது. இடிச்சுத் தரைமட்டமாக்குன்னேன்."

"சரியான முடிவு" என்றார் உலகஞ்சுற்றி.

"அந்தத் தூணும் வீணாகல, கப்பல்ல ஏத்திக் கொண்டாந்துட்டோம். எங்க ஆபீஸ் வாசல்ல கெடக்கு. கிளார்க்குங்க சைக்கிளச் சங்கிலி போட்டுக் கட்டுறாங்க."

அத்தை பெருமையோடு தம்பியைப் பார்த்தாள். கட்டிலில் கிடந்தவளின் முகத்தில் ஒரு ஈ வந்து உட்கார்ந்தது. மகள் அதை விரட்டினாள்.

"ஐயா, ஒரு நிமிஷம் கொல்லைப் பக்கம் வர்றீங்களா? உங்களுக்கு ஒண்ணு காட்டணும்."

"அவளுக்கு மூணு நாளாத் தூக்கமில்ல" என்று உலகஞ்சுற்றி பாதி எழுந்தார். இடுப்பு வலித்தது. டைரக்டர் அதற்குள் நடக்க ஆரம்பித்திருந்தார். துக்க வீட்டில் கூப்பிட்ட இடத்துக்குப் போவது பதவிக்கு அழகு என்று நினைக்கிறவர்.

மகள் பூட்டைத் திறந்து, பலகைமேல் போட்டிருந்த துணியை எடுத்தாள். ஒரு கை நீளத்துக்கு மண்டபம் நின்றது. மஞ்சளோடிக் கல்லாக இறுகியிருந்தது. ஜன்னல் வெளிச்சம் தூண்களின் வரிகளுக்குள் இறங்கி நின்றது. டைரக்டர் குனிந்து விரலால் எண்ணினார்.

"பன்னெண்டு" என்றார். முகம் மலர்ந்துவிட்டது.

"இத எங்கம்மா செஞ்சாங்க."

"படத்தப் பாத்துட்டா? அடடா."

"பாத்துட்டு இல்ல. இதத்தான் படம் பிடிச்சாங்க. எங்கப்பா எங்கயும் போகல. இந்த ரூம்ல எட்டு மாசம் பேப்பர் படிச்சுக்கிட்டு இருந்தாரு."

டைரக்டர் அவளை இரக்கத்தோடு பார்த்தார். "எங்கம்மா போனப்ப நானும் ரெண்டு நாள் இப்படித்தாம்மா என்னென்னமோ பேசினேன். அழுதுடுங்க. அழுதா சரியாயிடும்."

மகள் சுவரிலிருந்த தபாலட்டையை எடுத்து, நகத்தால் தபால்தலையைக் கிளப்பிக் காட்டினாள். "இதோ பாருங்க. பதிமூணாவது. இது மறைச்சதால அம்மா விட்டுட்டாங்க."

அவர் கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிவிட்டு வெகுநேரம் பார்த்தார். டெலிபோன் காதில் இல்லாமலே மகளுக்கு அவர் மூச்சு கேட்டது. பிறகு மூச்சு சீரானது.

"இது கையால வரைஞ்ச படம். ஓவியன் அழகுக்கு ஒண்ணு கூட்டிப் போட்டிருக்கான். அதான், யாரோ விஷயம் தெரிஞ்சவன் அது மேல தபால்தலைய ஒட்டித் திருத்தியிருக்கான்." மண்டபத்தின் மூன்றாவது தூணடியைத் தொட்டார். அங்கே பிறை ஒன்றும் அதன் கீழே மூன்று அலைக்கோடும் பதிந்திருந்தன. "பாருங்க, அரச முத்திரையக்கூட விடாமச் செதுக்கியிருக்காங்க. இதப் பத்தி நான் முந்நூறு பக்கம் எழுதியிருக்கேன். கடல் கடந்து ஆண்ட வம்சம்னு நிரூபிச்சதே இத வெச்சுத்தான்."

மகள் சுவர் மாடத்திலிருந்த துணி சோப்பை எடுத்து அவர் கையில் வைத்தாள். புதுக் கட்டி. அதன் நடுவில் ஒரு பிறை. கீழே மூன்று அலை. அம்மா வேலை பார்த்த தொழிற்சாலையின் அடையாளம். ஊரில் எந்த வீட்டுக் குளியலறையிலும் இருக்கும். டைரக்டர் வீட்டிலும் இருக்கும்.

அவர் சோப்பைப் பார்த்தார். தூணைப் பார்த்தார். திரும்பவும் சோப்பைப் பார்த்தார். காதுமடல் சிவந்தது.

"அயோக்கியப் பசங்க" என்றார். "ஆயிரம் வருஷத்துப் பாரம்பரியத்தக் கொண்டுபோய்ச் சோப்புல போட்டிருக்கான் பாருங்க. நாளைக்கே கம்பெனிக்கு நோட்டீஸ் விடுறேன்."

உலகஞ்சுற்றி இதற்குள் வாசல்படிக்கு வந்து சேர்ந்திருந்தார். ஒரு நிமிடம் நிலைமையை மோந்து பார்த்தார். காற்று நல்ல பக்கம் அடிப்பது தெரிந்ததும் நிமிர்ந்தார்.

"அவளுக்கு என் படம்னா உயிரு சார். பாத்துப் பாத்து செஞ்சா. நான்கூடச் சொல்வேன், எதுக்கு இந்த வீண் வேலைன்னு."

மகள் அவரைப் பார்த்தாள். அவர் பார்வையை மண்டபத்தின் கூரையில் வைத்திருந்தார்.

"வீண் வேலை இல்ல சார். இது மியூசியத்துல இருக்க வேண்டியது. கண்ணாடிப் பெட்டி போட்டு, கீழ எழுதி வெப்போம். 'கணவரின் திரைப்படத்தைப் பார்த்து மனைவி செய்த பொம்மை.' நாளைக்குக் காலையில வண்டி அனுப்புறேன்." அவர் போகும்போது சோப்பைச் சாட்சியமாகக் கையோடு எடுத்துக்கொண்டார்.

வண்டிச் சத்தம் தெருமுனை தாண்டியதும் உலகஞ்சுற்றி சொன்னார். "பாத்தியா? உங்கம்மா மியூசியத்துக்குப் போறா. உனக்குச் சந்தோஷம்தான?"

உள்ளேயிருந்து அத்தையின் குரல் வந்தது. "தண்ணி ஆறிப்போச்சு. குளிப்பாட்டணுமா வேணாமா? சோப்பு எங்க வெச்சிருக்கீங்க?"

"கொண்டுவர்றேன் அத்தை" என்றாள் மகள்.

ஆணியில் அம்மாவின் அறுக்கும் கம்பி தொங்கிக்கொண்டிருந்தது. இரண்டு முனையிலும் மரப்பிடி. பிடி அம்மாவின் விரல்களுக்குத் தேய்ந்திருந்தது. மகள் அதை எடுத்து மேற்குக் கோடித் தூணின் கழுத்தில் சுற்றி இழுத்தாள்.

"ஏய், அது மியூசியத்துக்கு."

"காலையில கரைக்கப் போனீங்க."

"அது காலையில."

கம்பி மறுபக்கம் வந்தது. கூரை லேசாகச் சாய்ந்தது. அவள் இன்னொரு தூணையும் அறுத்தாள். பிறகு எல்லாவற்றையும் ஒவ்வொன்றாக அறுத்து, கூரையை நாலு துண்டாக்கி, ஒரு தட்டில் அடுக்கினாள். ஏழு வயதில் அந்தக் கதவுக்கு அடியில் தள்ளிய அதே தட்டு. உலகஞ்சுற்றி கைகளை நீட்டினார், எதையும் தொடவில்லை. முப்பது வருடமாக அந்த வேலையில் அவர் எதையும் தொட்டதில்லை. எங்கே பிடிப்பது என்று தெரியவில்லை.

அறைக் கதவைச் சாத்திவிட்டு அத்தையும் மகளும் குளிப்பாட்டினார்கள். முப்பது வருடச் சோப்பு. நுரை வர நேரமானது. வந்தபோது லேசாக நீலம் கலந்திருந்தது. அத்தை கையிலிருந்த சோப்புத் துண்டைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். கட்டைவிரலால் வரிகளைத் தடவினாள். படத்தைப் பதினாறு தடவை பார்த்தவள் அவள், தம்பி படமாயிற்றே.

"இது அந்தத் தூணுல்ல?"

"ஆமா."

"யாரு செஞ்சது?"

மகள் அம்மாவின் முழங்கையைத் தேய்த்துக்கொண்டிருந்தாள். அத்தை கட்டிலில் கிடந்தவளின் வலது கையைத் தூக்கி, விரல்களை விரித்துப் பார்த்தாள். ஆள்காட்டி விரலின் குறுக்கே கம்பி அறுத்த பழைய தழும்பு. தூணையும் பார்த்தாள்.

"இவ செஞ்சது" என்றாள்.

மகள் ஒரு செம்புத் தண்ணீர் ஊற்றினாள்.

"அப்ப அவன் எங்கதான் போனான்?"

"கொல்லைக்கு."

"அங்கேர்ந்து கொண்டுவந்தேன்னு எனக்கு ஒரு கல்லு குடுத்தானே. கண்ணாடி அலமாரியில வெச்சிருக்கேன். வெள்ளிக்கெழம தோறும் தொடச்சு வெக்கிறேன்."

"ஈரத் துணியால தொடைக்காதீங்க அத்தை."

அத்தை செம்பில் தண்ணீர் மொண்டு, மிச்சமிருந்த நுரையை, கழுத்திலிருந்து கீழே, மெதுவாகக் கழுவிவிட்டாள். பிறகு இன்னொரு தூணை எடுத்து, அவசரமில்லாமல், இறந்தவளின் விரல்களை ஒவ்வொன்றாகத் தேய்க்க ஆரம்பித்தாள்.

தண்ணீர் சுவரோட்டை வழியாகக் கொல்லைக்கு வந்து, குளியலறை வாசல்வரை ஓடியது. உலகஞ்சுற்றி அங்கே வெறும் பலகைக்கு முன்னால் நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தார். எறும்புகள் எங்கிருந்தோ வந்து, வரிசை குலையாமல் வாசல்படி ஏறி, பலகையின் மேல் மண்டபம் நின்ற இடம்வரை போய், அங்கே இல்லாததை ஒரு சுற்றுச் சுற்றிவிட்டு, வந்த வழியே இறங்கிக்கொண்டிருந்தன. அவர் காலைத் தூக்கி வழிவிட்டார்.

நாக்கு அழுகுவதற்குள் சொல்லிவிடுகிறேன், உண்மையான மண்டபம் ஒரு நாளும் விழுந்ததில்லை. தூண்கள் பதின்மூன்றும் பழைய இடத்தில் நிற்கின்றன.